பேசாமடுவுக்குப் பிரிவுபசார விழா

ஒரு பள்ளத்துக்குப் பொன்னாடை போர்த்திய ஊர் உலகத்தில் வேறு எங்காவது இருக்கிறதா என்று எனக்குத் தெரியாது. எங்கள் ஊரில் போர்த்தினார்கள். நானும் மூன்றாவது வரிசையில் உட்கார்ந்து கை தட்டினேன். அதனால் இதைச் சொல்ல எனக்குக் கொஞ்சம் உரிமையும் உண்டு, கொஞ்சம் வெட்கமும் உண்டு.

பள்ளத்தின் பெயர் பேசாமடு. ஸ்ரீரங்கத்துக்கு வடக்கே, கொள்ளிடத்து மணலின் நடுவில் இருக்கிறது. ஆறு எலும்பாய்க் காய்ந்து கிடக்கும் காலத்திலும் அங்கே மட்டும் மணல் வட்டமாக உள்வாங்கி, நடுவில் கறுப்பாக ஈரம் கசிந்துகொண்டிருக்கும். அதைச் சுற்றி நாற்பது அடி தூரத்துக்குச் சத்தம் என்பதே கிடையாது. வாயைத் திறந்து கத்தினால் உதடு அசையும், அவ்வளவுதான். பாலத்தில் ரயில் போவது கண்ணுக்குத் தெரியும், காதுக்கு வராது. விளிம்பில் கால் வைத்தவனை மணல் ஒரே இழுப்பில் இடுப்பு வரை உள்ளே வாங்கிக்கொள்ளும். அவன் அலறுவான். கூட வந்தவன் பத்தடி தள்ளி முதுகைக் காட்டிக்கொண்டு பீடி பற்றவைத்துக்கொண்டிருப்பான். திரும்பிப் பார்க்கும்போது செருப்பு மட்டும் கிடக்கும். அந்தக் காலத்தில் வருஷத்துக்கு இரண்டு பேராவது இப்படிப் போனார்கள்.

இது எப்படி என்று ஆராய எத்தனையோ பேர் வந்தார்கள். துவாக்குடி என்ஜினீயரிங் கல்லூரி மாணவர்கள் கருவிகளோடு வந்து, கருவிகளை உள்ளே விட்டுவிட்டு வெறுங்கையோடு போனார்கள். கடைசியில், இனி இதைப் புரிந்துகொள்ள முடியாது என்று தெரிந்ததும், இதற்கென்று ஒரு வாரியம் அமைத்தார்கள். இயற்கை அபாயத் தலங்கள் பேணும் வாரியம். திருச்சி தென்னூரில் மாடிக் கட்டடம், முப்பத்தோரு ஊழியர்கள். முப்பது பேர் தென்னூரில் இருந்து மடுவைப் பேணினார்கள். ஒருவர் மட்டும் மடுவின் பக்கத்தில் இருந்தார். அவர்தான் காவலர் பெரியண்ணன்.

பெரியண்ணனுக்கு அப்போது ஐம்பத்தாறு வயது. நம்பர் ஒன் டோல்கேட்டில் வீடு. வேலைக்குச் சேர்ந்த அன்று வாரியம் அவருக்கு ஒரு காக்கிச் சட்டையும் ஒரு விசிலும் கொடுத்தது. விசில் அடித்தால் சத்தம் வராத இடத்தில் விசிலா என்று அவர் கேட்டிருக்கிறார். சத்தம் வருவதும் வராததும் மடுவின் பொறுப்பு, ஊதுவது காவலரின் பொறுப்பு என்று பதில் வந்தது. ஒரு நாளைக்கு நாற்பது தடவை ஊத வேண்டும். ஊதியதை விசில் பதிவேட்டில் எழுத வேண்டும். யாரைப் பார்த்து ஊதினார், அவர் என்ன ஆனார், எடுத்த நடவடிக்கை என்ன என்று தனித்தனிக் கட்டம். பெரியண்ணன் ஊதுவார், ஒன்றும் கேட்காது, ஓடிப்போய் ஆளின் சட்டையைப் பிடித்து இழுத்து வருவார், பிறகு உட்கார்ந்து கட்டத்தை நிரப்புவார். இப்படியே ஏழு வருஷம் போயிற்று. அந்த ஏழு வருஷத்தில் பேசாமடுவில் ஒருவர்கூடச் சாகவில்லை.

காலையிலிருந்து சாயங்காலம் வரை தன் குரலே தனக்குக் கேட்காத இடத்தில் ஒரு மனிதன் எப்படி இருப்பான் என்று யோசித்துப் பாருங்கள். இருமினால்கூடக் கேட்காது. ஆரம்பத்தில் தனக்குத்தானே பேசிப் பார்த்தாராம், பிறகு விட்டுவிட்டாராம். மத்தியானம் அவர் மனைவி மாரியாயி தூக்குச் சட்டியில் சாப்பாடு கொண்டுவருவார். நாற்பதடிக்கு வெளியே கூட்டிப்போய் நிழலில் உட்கார வைத்து, பரிமாறிக்கொண்டே டோல்கேட் கதை முழுவதும் சொல்வார். அந்த அரை மணி நேரம்தான் பெரியண்ணனின் காதுக்கு வேலை.

விழாவுக்கு மூன்று வருஷம் முன்பு ஒரு சித்திரை மாதத்து மத்தியானம், இரண்டு மாணவர்கள் மடுவின் விளிம்பில் நின்று செல்ஃபி எடுக்க இறங்கினார்கள். பெரியண்ணன் மடுவின் மறுபக்கம் ஓடி இருவரையும் இரண்டு கையில் பிடித்துக்கொண்டார். அப்போது மாரியாயி இந்தப் பக்கம் வந்து நின்றார். வழக்கமாக வெளியே காத்திருப்பவர், அன்றைக்கு நாற்பதடிக்குள் வந்துவிட்டார். தூக்குச் சட்டியை மணலில் வைத்தார். ஏதோ சொன்னார். வாய் அசைந்தது. கொஞ்சம் நீளமாகவே சொன்னார். பெரியண்ணனுக்குக் கை இரண்டும் மாட்டிக்கொண்டிருந்தது. சரி சரி, போ என்று தலையை ஆட்டினார். மாரியாயி திரும்பிப் போய்விட்டார்.

அவர் போன பிறகு சட்டியைத் திறந்து சாப்பிட்டார். மூடியில் மோர் மிளகாய் இருந்தது. மாணவர்கள் இருவர் என்பதால் பதிவேட்டில் ஆறு கட்டம் நிரப்ப வேண்டியிருந்தது. வீட்டுக்குப் போகும்போது ஏழு மணி. அக்கம்பக்கத்தார் மாரியாயியைத் தில்லை நகர் ஆஸ்பத்திரிக்கு ஆட்டோவில் கொண்டுபோயிருந்தார்கள். மாரடைப்பு. பெரியண்ணன் போய்ச் சேர்ந்தபோது அவருக்கு நினைவு இருந்தது. இவரைப் பார்த்து, "நான் சொன்னேனே, நீங்களும் சரின்னு தலையாட்டினீங்களே" என்றார். அன்று இரவே இறந்துபோனார்.

எதற்குத் தலையாட்டினோம் என்பது அன்றிலிருந்து பெரியண்ணனுக்குத் தெரிந்தாக வேண்டியிருந்தது. துவாக்குடியில் இருக்கும் மகள் ஜோதி, சாப்பிடுங்கன்னுதான் சொல்லியிருக்கும், விடுங்கப்பா என்றாள். அவர் விடவில்லை. பரிசல் விடும் பிச்சைமுத்து ஒரு நாள் அவரிடம் ஒரு விஷயம் சொன்னார். மடு சத்தத்தைத் தின்பதில்லையாம், வைத்துக்கொள்கிறதாம். ஆற்றில் வெள்ளம் வந்து அதன் வாயை நனைத்தால் வாங்கினதையெல்லாம் கக்கிவிடுமாம். கடைசியாகப் போனது முதலில் வரும், பழசு அப்புறம் வரும், அரை மணி நேரத்தில் எல்லாம் முடிந்துவிடும். பிச்சைமுத்து சின்ன வயதில், செத்துப் பத்து வருஷமான ஓர் ஆட்டுக்காரன் ஆட்டைக் கூப்பிட்டதைக் கரையில் நின்று கேட்டிருக்கிறார். ஆனால் கொள்ளிடத்தில் தண்ணீர் வருவது காவிரியில் அடங்காமல் போனால்தான். மூன்று வருஷமாக ஆறு பிரியும் முக்கொம்பிலிருந்து ஒரு சொட்டு இந்தப் பக்கம் திரும்பவில்லை. பெரியண்ணன் காத்திருந்தார். பதவி உயர்வு கொடுத்துத் தென்னூருக்கு அழைத்தார்கள், வேண்டாம் என்றார். வாரியத்தில் யாரும் அப்படிச் சொன்னதில்லை என்பதால், அவருக்கு ஏதோ மேல்வரும்படி இருக்கிறது என்று முடிவு கட்டினார்கள்.

இதற்கிடையில் மடுவின் இன்னொரு பயனை வாரியத்தின் உதவி இயக்குநர் ஜெயக்குமார் கண்டுபிடித்தார். ஒரு தல ஆய்வின்போது தலைவர் மாதவன் ஏதோ கேட்க, ஜெயக்குமார் கைகட்டி நின்று, பணிவான முகத்தோடு, மனதில் இருந்ததைச் சொல்லிப் பார்த்தார். தலைவர் புன்சிரிப்போடு தலையாட்டினார். ஜெயக்குமாருக்கு அன்று இரண்டு இட்லி கூடுதலாக இறங்கியதாம். அதற்குப் பிறகு வருஷத்துக்கு ஒரு முறை நடந்த தல ஆய்வு மாதம் ஒரு முறை ஆயிற்று, பிறகு வாரம் ஒரு முறை. முப்பது பேரும் முறை போட்டுக்கொண்டு வந்தார்கள். வரிசையாக நின்று, மேலதிகாரி முகத்தைப் பார்த்து, குனிந்து வணங்கி, வாய் நிறையப் பேசிவிட்டு, முகம் தெளிந்து ஜீப்பில் ஏறினார்கள். தலைவரும் விட்டுவைக்கவில்லை. அவருக்கு மேலே இருந்தவர்கள் வரும்போது அவரும் வணங்கிப் பேசினார். சில நாள் தனியாகவே வந்து மடுவைப் பார்த்து வெகுநேரம் பேசிவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டு போவார். பெரியண்ணன் தூரத்தில் நின்று இத்தனை வாய்களும் அசைவதைப் பார்த்துக்கொண்டிருப்பார். ஒவ்வொரு பேச்சும் மாரியாயியின் பேச்சுக்கு மேல் போய் விழுகிறதே என்பதுதான் அவர் கவலை.

பிறகு விதி எண் பதினேழு வந்தது. விதி பழசுதான், யாரோ அதைப் படித்துவிட்டார்கள். தொடர்ந்து ஐந்தாண்டுகள் உயிரிழப்பு இல்லாத இடம் அபாயத் தலம் ஆகாது. பேசாமடு ஏழாண்டுகளாகச் சும்மா இருக்கிறது. எனவே அதன் அபாயத் தகுதி ரத்து. தகுதி போனால் அது வெறும் பள்ளம். பள்ளம் என்றால் மூட வேண்டும். நூற்றுப் பத்து லாரி கான்கிரீட் கொட்டி ஆடி இருபதாம் தேதி மூடுவது என்று முடிவாயிற்று. பெரியண்ணனுக்கு ஒரு மெமோவும் வந்தது. அவருடைய பணிக்காலத்தில் ஒரு மரணம்கூட நிகழாமல் போனதற்கு விளக்கம் கேட்டிருந்தார்கள். பதில் எழுத அவருக்குத் தெரியாது. அலுவலகத்தில் ஒருவர் வழக்கமான மாதிரியைப் பார்த்து எழுதிக் கொடுத்தார். நடந்ததற்கு வருந்துவதாகவும் இனி இவ்வாறு நேராமல் பார்த்துக்கொள்வதாகவும் பெரியண்ணன் அதில் கையெழுத்துப் போட்டார்.

கையெழுத்துப் போட்ட கையோடு ஜெயக்குமாரைப் பார்த்துக் கும்பிட்டார்.

"ஒரு வெள்ளம் வர்ற வரைக்கும் மூடாம தள்ளி வைங்க சார்."

"காரணம்னு என்ன எழுதுறது?"

"எம் பொண்டாட்டி சொன்னது ஒண்ணு உள்ள கெடக்கு சார். அது வெளிய வந்துட்டா அப்புறம் மூடிக்குங்க."

ஜெயக்குமார் கல்நெஞ்சக்காரர் இல்லை. மேஜை இழுப்பறையைத் திறந்து கொஞ்ச நேரம் தேடினார். "அதுக்கு நம்மகிட்ட ஃபாரம் இல்லையேங்க" என்றார். வெள்ளம் வந்தால் சொன்னது வெளியே வரும் என்பதை அவர் காதில் வாங்கியதாகவே தெரியவில்லை. வாங்கியிருந்தால் அன்றைக்கே லாரியை வரவழைத்திருப்பார்.

மூடுவதற்கு இரண்டு நாள் முன்னால், ஆடிப்பெருக்கு அன்று, மடுவுக்குப் பிரிவுபசார விழா வைத்தார்கள். ஓய்வு பெறுகிற எதற்கும் விழா வைப்பது வாரியத்தின் மரபு. நாற்பதடிக்கு வெளியே பந்தல், நாற்காலி, மைக், இருபத்திரண்டு பேர் கொண்ட பேண்டு செட். அன்று காவிரிக்கரை அம்மா மண்டபத்தில் கூட்டம் தாங்கவில்லை என்பதால், தாலிக்கயிறு மாற்றவும் ஆற்றில் காதோலை கருகமணி விடவும் இடம் கிடைக்காத பாதி ஸ்ரீரங்கம் இங்கே வந்து நாற்காலியைப் பிடித்துக்கொண்டது. அப்படித்தான் நானும் போனேன். மேட்டூர் நிரம்பிவிட்டதாகவும் முக்கொம்பில் மதகைத் திறக்கப்போவதாகவும் காலையிலேயே தண்டோரா போட்டிருந்தார்கள். வாரியத்தின் வேலை அபாயங்களைப் பேணுவது, அறிவிப்புகளைக் கேட்பது அல்ல.

மடுவுக்கு நேரடியாகப் பொன்னாடை போர்த்தினால் உள்ளே போய்விடும் என்பதால் எச்சரிக்கைப் பலகைக்குப் போர்த்தினார்கள். தட்டை ஏந்தி நின்றவர் பெரியண்ணன். அவர் கண் மட்டும் மேற்கே இருந்தது. தலைவர் மாதவன் மைக்கைப் பிடித்தார். அந்தப் பேச்சு எனக்கு இன்னும் மறக்கவில்லை.

"இந்த மடுவைப் பதினோரு வருஷம் பெத்த புள்ளை மாதிரி வளர்த்தோம். பலகை வெச்சோம். பதிவேடு வெச்சோம். ஒரு அபாயத்துக்கு நிர்வாகம் என்னென்ன செய்யணுமோ அவ்வளவும் செஞ்சோம். ஆனா அது நம்ம எதிர்பார்ப்புக்கு வரல. ஏழு வருஷத்துல ஒரு ஆளு, ஒரே ஒரு ஆளு, போயிருந்தாகூட நான் மேல இடத்துல பேசிக் காப்பாத்தியிருப்பேன். காவலர் பெரியண்ணன் ஒத்துழைக்கல. அவரைக் குத்தம் சொல்ல மாட்டேன். அவருக்கு அனுபவம் போதாது."

கை தட்டினோம். தட்டிக்கொண்டிருக்கும்போதே தண்ணீர் வந்துவிட்டது. முதலில் மணலில் ஒரு கறை மாதிரிதான் தெரிந்தது. பிறகு முழங்கால் உயரத்துக்குச் செம்மண் நிறத்தில் நுரைத்துக்கொண்டு வந்து மடுவின் வாயில் சரிந்தது. மடு ஒரு சுற்றுச் சுற்றியது. பெரியண்ணன் தட்டைப் போட்டுவிட்டுக் கரையை நோக்கி ஓடினார்.

மடுவிலிருந்து ஜெயக்குமாரின் குரல் வந்தது. பந்தலில் உட்கார்ந்திருந்த ஜெயக்குமாரின் வாய் மூடித்தான் இருந்தது.

"ஐயா, நீங்க வர்ற வரைக்கும் இதுதான் ஊர்லயே பெரிய வெத்துப் பள்ளம்னு நெனச்சுக்கிட்டிருந்தேன்."

கூட்டத்தில் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். பிறகு சிரிப்பு கிளம்பியது. அதன் பின்னால் கணக்குப் பிரிவு வந்தது, தட்டச்சுப் பிரிவு வந்தது. வாரக்கணக்கில் வணங்கிச் சொன்னதெல்லாம் ஒவ்வொன்றாக, தெளிவாக, பெயரோடு வந்தது. ஒருவர் தலைவரின் மீசையைப் பற்றிப் பேசினார். இன்னொருவர் தன் ஊர் ஆட்டுக்கிடாவோடு ஒப்பிட்டு, கிடாவிடம் மன்னிப்புக் கேட்டார். தலைவர் நிமிர்ந்து உட்கார்ந்து, யார் யார் என்று பார்த்துக்கொண்டிருந்தார். அடுத்து அவர் குரலே வந்தது. "நூத்திப் பத்து லாரியும் மச்சானோடதுதான். பள்ளத்துக்கு நாப்பது போதும். மிச்சத்தை எங்க கொட்டுறதுன்னு அவனே பாத்துக்குவான்." தலைவர் எழுந்து நின்றார். குரல் நிற்கவில்லை. "வீட்ல ஒருத்தரும் எங்கிட்டப் பேசுறதில்ல. சாப்புட்டீங்களான்னுகூடக் கேக்குறதில்ல. உங்கிட்டதான் வந்து சொல்ல வேண்டியிருக்கு." சிரித்துக்கொண்டிருந்தவர்கள் இதற்குச் சிரிக்கவில்லை.

ஜெயக்குமார்தான் சுதாரித்தார். பேண்டு செட்டைப் பார்த்துக் கையை வீசினார். வாசி, விடாமல் வாசி, பக்கத்தில் போய் வாசி. இருபத்திரண்டு பேரும் ஓடிப்போய்த் தண்ணீர் ஓரத்தில் மடுவை மறைத்து நின்று, கல்யாண ஊர்வலத்துக்கு வாசிப்பதையெல்லாம் வாசித்தார்கள். பெரியண்ணன் நின்ற இடத்துக்கு ஒட்டினாற்போல் வந்து நின்றது பெரிய டிரம். அவர் டிரம்காரரின் கையைப் பிடித்தார். காலைப் பிடித்தார். மேலிடத்து உத்தரவுங்க என்று டிரம்காரர் கத்தியதை அவர் வாயைப் பார்த்துத்தான் தெரிந்துகொள்ள வேண்டியிருந்தது. பெரியண்ணன் ஈரத்தில் மண்டியிட்டுக் காதைத் தண்ணீர்ப் பக்கம் வைத்தார். அரை மணி நேரம் அப்படியே இருந்தார். மடு சுற்றுவது மெதுவாகி, நின்று, மேலே வெறும் வெள்ளம் ஓடியது. பேண்டும் நின்றது. அப்போது ஒரு குரலும் மிச்சமில்லை.

ஃபோனில் எடுத்தவர்களின் வீடியோவைப் போட்டுப் பார்த்தோம். பேண்டுச் சத்தம் இருந்தது, மடுவின் குரல் ஒன்றுகூட விழவில்லை. ஆனால் விழா நடவடிக்கைகளைக் குறிப்பெடுக்க சுருக்கெழுத்தாளர் லின்சியை உட்கார வைத்திருந்தார்கள். டிரம்பெட் காதைத் துளைத்ததால் அவர் நாற்காலியைத் தூக்கிக்கொண்டு தண்ணீர் ஓடும் திசையில் தள்ளிப்போய் உட்கார்ந்திருக்கிறார். சத்தம் தண்ணீரோடு அங்கே போயிருக்கிறது. நிறுத்து என்று யாரும் சொல்லாததால் அவர் கடைசி வரை எழுதிக்கொண்டே இருந்தார்.

விசாரணைக் குழு அமைந்தது. இருபது நாளில் அறிக்கை வந்தது. ஒரே நாளில் முப்பது அலுவலர்களுக்கு ஈடுசெய்ய முடியாத பாதிப்பை ஏற்படுத்திய பேசாமடு, மாநிலத்தின் ஆகப்பெரிய அபாயம் என்று குழு கண்டறிந்தது. சிறப்பு நிலை அபாயத் தலமாக அதை உயர்த்தினார்கள். மூடும் பேச்சே இல்லை. யாரும் உயிரை விடாமலேயே மடு பாஸாகிவிட்டது.

குரல்களை அடையாளம் காட்டும்படி பெரியண்ணனைத் தென்னூருக்கு அழைத்தார்கள். லின்சி அறிக்கையை ஒவ்வொரு எண்ணாக வாசித்தார். இருநூற்றுப் பதின்மூன்றாவது எண்ணுக்கு வந்ததும், இது வேண்டியதில்லை, தொடர்பற்றது என்று எழுதியிருக்கிறது என்றார். பெரியண்ணன் அதையும் வாசிக்கச் சொன்னார். லின்சி வாசித்தார்.

"பெயர் அறியப்படாத பெண்மணி ஒருவர், தம் கணவர் எனக் கருதப்படும் நபரை விளித்து, தூக்குச் சட்டியின் மூடியில் மோர் மிளகாய் வைக்கப்பட்டுள்ளதாகவும், தமக்குக் காலை முதல் இடது கையில் வலி இருந்து வருவதாகவும், எனவே இயன்றால் மாலை சற்று முன்னதாக இல்லம் திரும்புமாறும், எனினும் அவசரம் ஏதுமில்லை எனவும், பணியை முடித்துவிட்டு வந்தால் போதுமானது எனவும் தெரிவித்துள்ளார். மேற்படி நபர் ஒப்புக்கொண்டதாக அப்பெண்மணியே கூறி விடைபெற்றுள்ளார். வாரியத்துக்குத் தொடர்பற்றது. நீக்கலாம்."

பெரியண்ணன் இன்னொரு முறை வாசிக்கச் சொன்னார். பிறகு, இது ஆபீஸ் பேச்சு, அவ பேசினது எழுதின நோட்டு எங்கே என்று கேட்டார். செம்மைப் பிரதி தயாரானதும் குறிப்பேட்டை அழித்துவிட வேண்டும் என்பது விதி, அழித்துவிட்டார்கள். லின்சி கதவுப் பக்கம் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார்.

"அப்படியே ஞாபகம் இல்லீங்க. ஆனா கோவமா பேசலீங்க அவங்க. சிரிச்சுக்கிட்டே சொன்ன மாதிரிதான் இருந்துச்சு."

அறிக்கை ரகசியம் என்பதால் நகல் கிடைக்கவில்லை. பெரியண்ணன் அதை மனப்பாடம் செய்துகொண்டு டோல்கேட் பஸ் ஏறினார். அதே பஸ்ஸில் எனக்கு முன் சீட்டில் உட்கார்ந்திருந்தார். தென்னூரிலிருந்து பாலம் வரும் வரை அந்த மனிதர் உதட்டை அசைத்துக்கொண்டே வந்தார். இயன்றால் என்பதை எடுத்துவிட்டு முடிஞ்சா என்று வைத்துப் பார்த்தார். இல்லம் திரும்புமாறு என்பதைச் சீக்கிரம் வாங்க என்று மாற்றினார். அதில் ஒரு வரி மட்டும் தெளிவாக எனக்குக் கேட்டது. "கைதான் வலிக்குதுங்க. அவசரம் ஒண்ணும் இல்ல." மாரியாயி சொன்ன மாதிரியே சொன்னாரா என்று கேட்க அங்கே யாரும் இல்லை. நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

வெள்ளம் வடிந்து மணல் தெரிந்ததும் வாரியம் ஒரு புதிய பலகை வைத்தது. இங்கு பேசுவது கண்டிப்பாகத் தடைசெய்யப்பட்டுள்ளது. பேசுகிறவர்களைப் பிடித்து எழுதப் புதிய பதிவேடும் வந்தது. அதன் முதல் பதிவை நான் பார்த்தேன். பெரியண்ணன்தான் எனக்குக் காட்டினார்.

அவர் அந்தப் பலகைக்கு முன்னால் நின்று மடுவைப் பார்த்துச் சொல்லியிருக்கிறார். என்ன சொன்னார் என்று அவரே என்னிடம் சொன்னார். "கேக்கலடி. கேக்காமத்தான் தலையாட்டுனேன். கேட்டிருந்தா ஓடி வந்திருப்பேன்." சொல்லும்போது அவருக்கும் கேட்கவில்லை. அடுத்த வெள்ளத்தில்தான் அது வெளியே வரும்.

சொல்லி முடித்ததும் விதிப்படி விசிலை எடுத்துத் தன்னைப் பார்த்து ஒரு முறை ஊதியிருக்கிறார். பிறகு உட்கார்ந்து கட்டங்களை நிரப்பியிருக்கிறார். பேசியவர்: பெரியண்ணன். யாரிடம்: மாரியாயி. எடுத்த நடவடிக்கை: எச்சரித்து வீட்டுக்கு அனுப்பப்பட்டார்.

அன்றைக்கு மாலை அவர் சற்று முன்னதாகவே வீட்டுக்குப் போனார்.